காங்கேசன்துறைச் சீமெந்துத் தொழிற்சாலை மீண்டும் இயங்க வேண்டுமா?

மாவிட்டபுரத்தான்:
ஜி. ஜி. பொன்னம்பலம் இலங்கையின் கைத்தொழில் அமைச்சராக இருந்த காலத்தில் உருவாகி, 1950இல் உற்பத்தியைத் தொடங்கிய இந்த ஆலை, 1990இல் போர் மீண்டும் மூண்டு ஆலையைச் சுற்றியுள்ள வலிகாமம் வடக்குப் பகுதியே வெறிச்சோடியபோது நின்றுபோனது. புகையிலையையும் வெங்காயத்தையும் நம்பியிருந்த ஊர்களுக்கு மாதச் சம்பளத்தைக் கொண்டுவந்தது அதுதான். என் தகப்பனார் சூளைப் பகுதியில் வேலை செய்தவர். இரவு வேலை முடிந்து வரும்போது புருவத்திலும் காதுமடலிலும் சாம்பல் படிந்திருக்கும். அந்தச் சம்பளத்தில்தான் நாங்கள் நால்வரும் படித்தோம். ஆலையைத் திறக்க வேண்டும் என்பதே என் கோரிக்கை.

கீரிமலை மகள்:
ஐயா, உங்கள் தகப்பனாரின் உழைப்பை மதிக்கிறேன். ஆனால், கல்லை எங்கிருந்து எடுப்பீர்கள்? சூளையில் சுட்டெடுத்து, பிறகு சீமெந்தாக அரைக்கும் கட்டிகளைத்தான் கிளிங்கர் என்பார்கள்; ஒரு தொன் கிளிங்கருக்கு ஏறத்தாழ ஒன்றரைத் தொன் சுண்ணக்கல் வேண்டும். வற்றாத ஆறு ஒன்றுகூட இல்லாத யாழ்ப்பாணக் குடாநாட்டில், மழைநீரை உள்வாங்கி, கீழேயுள்ள உவர்நீரின்மேல் நன்னீரைத் தாங்கி நிற்பது அந்தச் சுண்ணக்கல்தான். அதை அகழ்ந்தால் கிணறுகள் உவராகும். அகழ்ந்த பழைய கற்குழிகள் இன்னும் திறந்தபடி கிடக்கின்றன.

மாவிட்டபுரத்தான்:
கல்லை இங்கேதான் வெட்ட வேண்டும் என்று நான் சொல்லவில்லை, தங்கச்சி. அக்காலத்திலேயே களிமண் மன்னார்ப் பக்கத்து முருங்கனிலிருந்து வந்தது. இங்கே சுட்ட கிளிங்கர் தெற்கே காலி நகருக்குப் போய் அங்கே அரைபட்டது. இன்று அதைத் தலைகீழாகச் செய்யலாம்: கிளிங்கரைக் கப்பலில் காங்கேசன்துறைத் துறைமுகத்துக்கு இறக்கி, ஜிப்சம் சேர்த்து இங்கே அரைக்கலாம். நிலத்தடி நீருக்கு அதனால் என்ன கேடு?

கீரிமலை மகள்:
அப்படியானால் நீங்கள் கேட்பது பழைய ஆலையை அல்ல. கல் வெட்டுவோர், சூளை காப்போர், இரசாயன ஆய்வுகூடத்தார் என்று விரிந்திருந்த வேலைகளில் பெரும்பகுதி அரைக்கும் ஆலையில் இருக்காது. தூசு மட்டும் இருக்கும். எத்தனை பேருக்கு நிரந்தர வேலை, தூசைப் பிடிக்க என்ன ஏற்பாடு, பணியாளர்களின் நுரையீரலை ஆண்டுதோறும் யார் பரிசோதிப்பார்கள் என்பவற்றை முதலில் எழுத்தில் வையுங்கள். வலிகாமம் வடக்கில் கல் அகழ்வுக்கு இனி அனுமதி இல்லை என்பதும் அதிலேயே இருக்க வேண்டும். அதுவரை நான் எதிர்ப்பேன்.

மாவிட்டபுரத்தான்:
அகழ்வுத் தடையை நானும் ஏற்கிறேன். வேலை குறையும் என்பதற்காக ஒன்றுமே வேண்டாம் என்பதை ஏற்கமாட்டேன். துறைமுகத்தில் இறக்குவோரும் லொறி ஓட்டுவோரும் நம் ஊர்ப் பிள்ளைகள்தான்.