வெளிவராத ராப் பாடல்களைத் தேடிக் கேட்ட அனுபவம்

அதிகாரபூர்வமாக வெளிவராத ஒரு பாடலைக்கூட ரசிகர்கள் வரி பிசகாமல் பாடுவார்கள் என்பதை நான் 2019இல்தான் கண்டேன். அப்போது நாகர்கோவிலில் கல்லூரியில் படித்துக்கொண்டிருந்தேன். தக்கலையில் பேருந்து ஏறும் நண்பன் ஒருவன், "மக்கா, இத ஒரு தடவ கேளு" என்று ஹெட்செட்டை நீட்டினான். பியர் போர்ன் இசையமைத்து, அமெரிக்க ராப் பாடகர்களான பிளேபாய் கார்ட்டியும் யங் நியூடியும் பாடி, ஜப்பானியப் பாடகி மாய் யமானேயின் பழைய பாடலொன்றின் துணுக்கின் மேல் அமைந்த 'பிஸி பேம்பர்' என்ற பாடல் அது. அதே ஆண்டு யாரோ அதை வேறு பெயரில் ஸ்பாட்டிஃபை என்ற இணைய இசைத் தளத்தில் ஏற்ற, அமெரிக்க வைரல் பட்டியலின் முதலிடம் வரை சென்று, பின்னர் நீக்கப்பட்டது. எங்கள் வகுப்பில் ராப் கேட்கும் நாலைந்து பேருக்கும் அது மனப்பாடம்.

இத்தகைய பாடல்களின் ஈர்ப்பு அவை அரிதாகக் கிடைப்பதில் மட்டும் இல்லை என்று கருதுகிறேன். இன்ஸ்டாகிராம் நேரலையில் கைப்பேசி வழியே பதிவான பதினைந்து நொடித் துணுக்கைத் திரும்பத் திரும்பக் கேட்கும்போது, மீதிப் பாடலை மனமே இயற்றிவிடுகிறது. பின்னாளில் முழுப் பாடல் வெளிவந்தாலும், மனம் இயற்றியதோடு அது பொருந்துவதில்லை. எங்கள் ஊர்க் கோவில் கொடையில் வில்லுப்பாட்டுப் புலவர் ஓர் இரவில் பாடிய பாட்டை, அங்கிருந்தவர்கள் பல ஆண்டுகள் கழித்தும் விவரிக்கும் முறையில் இதே ஏக்கத்தைக் கேட்டிருக்கிறேன்.

ஆனால் ஒன்றை அழுத்திச் சொல்ல விரும்புகிறேன். கலைஞர்களின் கணினிகளிலும் மின்னஞ்சல்களிலும் புகுந்து திருடியவர்களிடமிருந்து ரசிகர்கள் கூட்டாகப் பணம் திரட்டிப் பாடல்களை வாங்கும் 'குரூப் பை' வழக்கத்தில் நான் சேர்வதில்லை. அமெரிக்க ராப் கலைஞர் டாக்டர் டிரே, தாம் பல ஆண்டுகள் உழைத்த 'டீடாக்ஸ்' என்ற பாடல் தொகுப்பு தமக்கு நிறைவளிக்கவில்லை என்று 2015இல் அறிவித்து அதைக் கைவிட்டார். அந்த முடிவு கலைஞருக்கே உரியது. பிறர் பாடலிலிருந்து எடுத்தாண்ட இசைத் துணுக்குக்கு உரிமம் கிடைக்காமல் நின்றுபோகும் பாடல்களிலும் கலைஞர் பொறுப்பேற்கும் வடிவம் இன்னும் உருவாகவில்லை என்றே கொள்ள வேண்டும். 2019 டிசம்பரில் 21 வயதில் மறைந்த அமெரிக்க ராப் பாடகர் ஜூஸ் வேர்ல்டு பாடி முடிக்காத வரிகளைப் பிறர் நிரப்பும்போது எனக்கு மனம் வலிக்கிறது. அவர் இறுதியாக எதை விரும்பியிருப்பார் என்று கேட்க வழியே இல்லை.

ஊ-டாங் கிளான் என்ற அமெரிக்க ராப் குழு 'ஒன்ஸ் அப்பான் எ டைம் இன் ஷாவோலின்' தொகுப்பை ஒரே பிரதியாக உருவாக்கியது வேறுவகை. மறைத்து வைப்பதே அங்கே கலைஞரின் முடிவு. 2015இல் தனியொருவருக்கு விற்கப்பட்ட அந்தப் பிரதி, 2024இல் ஆஸ்திரேலியாவின் ஹோபார்ட் நகர அருங்காட்சியகம் ஒன்றில் சிலருக்கு மட்டும் ஒலிக்கப்பட்டது. அங்கே அமர்ந்து கேட்ட தமிழர் எவரேனும் இதைப் படித்தால், எத்தகைய அறை, எவ்வளவு நேரம், கேட்டபின் என்ன நினைவில் நின்றது என்பதை விரிவாக எழுதுமாறு கேட்டுக்கொள்கிறேன்.