மறு: கன்சர்வேஷன் ஈஸ்மென்ட் – ‘காப்புப் பாத்தியம்’ எனலாமா?

அன்புள்ள நண்பர்களுக்கு,

கன்சர்வேஷன் ஈஸ்மென்ட் என்ற ஆங்கிலச் சட்டச் சொல்லுக்குத் தமிழில் என்ன சொல்லலாம் என்ற நம் பேச்சில் இதுவரை மூன்று சொற்கள் வந்திருக்கின்றன: ‘பாதுகாப்பு வசதியுரிமை’, ‘இயற்கைக் காப்புரிமை’, ‘நிலக் காப்புத் தானம்’. நான் நான்காவதாகக் ‘காப்புப் பாத்தியம்’ என்பதை வைக்கிறேன். ஏற்காட்டில் காபித் தோட்டம் வைத்திருக்கும் ஒருவர் இந்தச் சொல்லைக் கேட்டவுடன் தன் பத்திரத்தில் எந்த வரி மாறப்போகிறது என்று புரிந்துகொள்ள வேண்டும், அதுதான் என் ஒரே அளவுகோல்.

முதலில் பொருளைப் பிடித்துக்கொள்வோம். அமெரிக்காவின் மேற்குப் பக்கத்து மலைகளிலும் பாலைகளிலும் ஒரு மாட்டுப் பண்ணைக்காரர், இனி இந்த நிலத்தை மனையாகப் பிரிக்க மாட்டேன், இந்த அளவுக்கு மேல் கட்ட மாட்டேன், ஓடைக்கரையில் கை வைக்க மாட்டேன் என்று ஒரு அறக்கட்டளைக்கோ உள்ளாட்சிக்கோ பத்திரம் எழுதிப் பதிவு செய்து கொடுக்கிறார். நிலம் அவருடையதுதான். மாடு மேய்க்கலாம், விற்கலாம், பிள்ளைகளுக்கு எழுதி வைக்கலாம். ஆனால் வாங்குகிறவரையும் பிள்ளைகளையும் அந்தக் கட்டுப்பாடு பிடிக்கும், ஏனென்றால் அது நிலத்தோடு நிற்கிறது, ஆளோடு போவதில்லை. எழுதிப் பெற்ற அறக்கட்டளை அவ்வப்போது வந்து பார்க்கும், மீறினால் கோர்ட்டுக்குப் போகும்.

இப்படி ஒரு ஏற்பாடு அங்கே எதனால் தேவைப்பட்டது என்பதையும் சொல்லிவிடுகிறேன், சொல் தேர்வுக்கு அது உதவும். கொலராடோவில் 1972இல் வந்த சட்டம் 35 ஏக்கரும் அதற்கு மேலும் உள்ள துண்டுகளை மனைப்பிரிவு விதிகளிலிருந்து விலக்கி வைத்தது. பெரிய பண்ணைகளை 35 ஏக்கர், 35 ஏக்கராக வெட்டி விற்க அதுவே வழியாகிவிட்டது. துண்டுக்கு ஒரு வீடு, வீட்டுக்கு ஒரு ரோடு, சுற்றிலும் வேலி; மேய்ச்சலுக்கும் பற்றாது, மான் கூட்டம் கடந்து போகவும் இடமில்லை. அரிசோனாவில் கதை வேறு மாதிரி. அங்கே ஆறு துண்டுக்குக் குறைவாகப் பிரித்தால் அது சட்டப்படி மனைப்பிரிவே இல்லை. அதனால் ஐந்து ஐந்தாகப் பிரித்து, நூறு ஆண்டுத் தண்ணீருக்கு வழி காட்ட வேண்டும் என்ற விதிக்கு அகப்படாமலே பாலையில் வீடுகள் எழுந்தன. ரியோ வெர்டே ஃபுட்ஹில்ஸ் என்ற பகுதி அப்படி வளர்ந்ததுதான். அங்கே பல வீடுகள் லாரித் தண்ணீரை நம்பி இருந்தன. பக்கத்து நகரமான ஸ்காட்ஸ்டேல் 2023 ஜனவரி 1 முதல் அந்த லாரிகளுக்குத் தண்ணீர் தருவதை நிறுத்தியது.

சேலத்துக்காரர்களுக்கு இதற்கு விளக்கமே வேண்டாம். அங்கீகாரம் இல்லாத மனைகளைப் பதியக்கூடாது என்று 2016இல் உயர் நீதிமன்றம் தடுத்ததையும், அடுத்த ஆண்டு வரன்முறைத் திட்டம் வந்ததையும், அந்த இடைவெளியில் பத்திரத்தைக் கையில் வைத்துக்கொண்டு எத்தனை குடும்பங்கள் அலைந்தன என்பதையும் பார்த்தவர்கள் நாம். மலை மேல் ஹாக்கா என்று சொல்லும் மலைப்பகுதிப் பாதுகாப்புக் குழுமத்தின் அனுமதி வேண்டும், மரம் வெட்டுவதற்கு 1955ஆம் ஆண்டுச் சட்டம் இருக்கிறது. இவையெல்லாம் அரசு மேலிருந்து போடும் கட்டுப்பாடு. இன்று இறுக்கலாம், நாளை தளர்த்தலாம். நாம் பெயர் தேடும் ஏற்பாடோ நிலத்துக்காரர் தானே மனம் ஒப்பி எழுதிக் கொடுப்பது. அதனால்தான் ‘தடை’, ‘கட்டுப்பாடு’, ‘மண்டலம்’ என்று முடியும் எந்தச் சொல்லும் இதற்குப் பொருந்தாது என்கிறேன்.

இனி முன்மொழிவுகளுக்கு வருகிறேன்.

> ஈஸ்மென்ட் என்பதற்கு வசதியுரிமை என்று ஏற்கெனவே இருக்கிறதே, அதன் முன்னால் பாதுகாப்பு என்று சேர்த்தால் போதும்.

சட்டப் பாடத்தில் போதும், மலை மேல் போதாது. ‘வசதி’ என்ற சொல்லை மனை விற்பவர்கள் முழுமையாகக் கொண்டுபோய்விட்டார்கள். ‘சகல வசதிகளுடன்’ என்று போர்டு வைக்காத லேஅவுட் ஏற்காடு அடிவாரத்தில் இருக்கிறதா? அதன் முன்னால் ‘பாதுகாப்பு’ என்றும் சேர்த்தால் வாட்ச்மேனும் கேமராவும் உள்ள வில்லா என்றுதான் காதில் விழும். எதைத் தடுக்க வந்ததோ அதையே விற்கிற சொல்லாக ஆகிவிடும்.

> இயற்கைக் காப்புரிமை – சுருக்கமாகவும் அழகாகவும் இருக்கிறது.

அழகாகத்தான் இருக்கிறது, ஆனால் காப்புரிமை என்ற சொல் பேட்டன்ட் பக்கம் போய் முப்பது வருஷமாவது இருக்கும். அமெரிக்காவில் மஞ்சளுக்குக் கொடுத்த காப்புரிமை 1997இல் ரத்தானபோது நம் செவ்வாய்ப்பேட்டை மண்டி வரை அந்தச் சொல் பேசப்பட்டது. ‘இயற்கைக் காப்புரிமை’ என்றால் ஏதோ கம்பெனி மூலிகைக்குப் பேட்டன்ட் வாங்கியிருக்கிறது என்றுதான் நினைப்பார்கள். ‘காப்பு’, ‘உரிமை’ இரண்டும் அடுத்தடுத்து வந்தால் ஒட்டிக்கொண்டு வேறு பொருளாகிவிடுகின்றன, தவிர்க்க வழியே இல்லை.

‘தானம்’ என்பது எனக்கும் முதலில் பிடித்திருந்தது, ஏனென்றால் பாதிக்கு மேல் மனசு அதில்தான் இருக்கிறது. ஆனால் எல்லாமே இலவசமாகக் கொடுப்பதில்லையே. விலைக்கு விற்பவர்கள் உண்டு, வரிச் சலுகைக்காகக் கொடுப்பவர்கள் உண்டு. அந்தச் சலுகை 1976இல் தற்காலிகமாக வந்து 1980இல் நிரந்தரமானது, பிற்பாடு சிலர் நிலத்தின் மதிப்பை ஊதிக் காட்டி அதையே வியாபாரமாக்கியதால் 2022இல் சட்டத்தை இறுக்க வேண்டியிருந்தது. அரிசோனாவில் டூசான் நகரம் இருக்கும் பிமா கவுண்டியில் (நம் மாவட்டம் மாதிரி), குள்ள ஆந்தை ஒன்று 1997இல் அழிவின் விளிம்பில் உள்ளவற்றின் பட்டியலில் சேர்ந்த பிறகு, 1998இல் சொனோரன் பாலைக்குப் பாதுகாப்புத் திட்டம் தொடங்கி, 2004இல் மக்களே வாக்களித்துத் திறந்தவெளி நிலம் வாங்கக் கடன் பத்திரத்துக்கு ஒப்புக்கொண்டார்கள். அது காசு கொடுத்துக் காப்பாற்றுவது.

எனக்கு மிகவும் பிடித்தது மால்பாய் என்ற எல்லைப் பகுதியில் நடப்பது. அரிசோனாவும் நியூ மெக்சிகோவும் சேரும் வறண்ட மூலையில் மாட்டுக்காரர்கள் 1994இல் ஒரு குழுவாகச் சேர்ந்தார்கள். மழை பொய்த்த ஆண்டில் ஒருவர் தன் மாடுகளைக் கிரே ராஞ்ச் என்ற பெரிய பண்ணையின் புல்லில் மேய விடலாம். அந்தப் புல்லின் மதிப்புக்கு ஈடாகத் தன் நிலத்தை மனையாகப் பிரிக்கும் உரிமையை எழுதிக் கொடுத்துவிடுகிறார். புல் வங்கி என்றே அதற்குப் பெயர். இவருடைய மேய்ச்சல் நிலமும் அந்த இடைவெளியில் ஓய்ந்து எழும், மாடும் பிழைக்கும், நிலமும் துண்டாகாது. வறட்சியைச் சமாளிக்க நிலத்தை விற்க வேண்டியிருந்த ஒருவருக்கு விற்காமல் இருக்க ஒரு வழி. இதைத் தானம் என்று எப்படிச் சொல்வது? இது மாற்று, பண்டமாற்று.

சரி, பாத்தியம். நம் பக்கத்துக் கிரயப் பத்திரம் எதையாவது எடுத்துப் பாருங்கள். செக்குபந்தி, அதாவது நான்கு எல்லை சொல்லி, அளவு சொல்லி, அப்புறம் ‘மாமூல் வழிநடை வண்டித்தட பாத்தியம் உள்பட’ என்று வரும். கிணறு இருந்தால் அதில் பங்கும் தண்ணீர் இறைத்துக்கொள்ளும் பாத்தியமும் வரும். கடைசியில் ‘சர்வ சுதந்திர பாத்தியங்களுடன் புத்திர பௌத்திர பாரம்பரியமாய் ஆண்டு அனுபவித்துக் கொள்ள வேண்டியது’ என்று முடியும். கவனியுங்கள், பாத்தியங்கள் என்று பன்மையில்தான் எழுதுகிறார்கள். நிலம் என்பது ஒரு பொருள் இல்லை, நடக்க ஒன்று, நீர் பாய்ச்ச ஒன்று, மரம் வெட்ட ஒன்று, கட்ட ஒன்று என்று பல பாத்தியங்களின் கட்டு என்பது பத்திர எழுத்தருக்கு எப்போதும் தெரிந்த விஷயம். அந்தக் கட்டிலிருந்து ஒன்றை மட்டும் உருவி வேறொருவர் கையில் கொடுத்துவிட்டு மற்றதை வைத்துக்கொள்வதுதான் நாம் பேசும் ஏற்பாடு. இதை ‘உங்கள் தோட்டத்தின் மேல் ஒரு காப்புப் பாத்தியம் எழுதிக் கொடுக்கிறீர்கள்’ என்று ஒரே வாக்கியத்தில் சொல்லிவிடலாம், கேட்பவர் தலையாட்டுவார், அடுத்த கேள்வி ‘வில்லங்கத்தில் காட்டுமா’ என்பதாக இருக்கும். காட்டத்தான் வேண்டும், அதுதான் அதன் பலமே.

பாத்தியம் வடசொல் என்று சில நண்பர்கள் சொல்வார்கள், தெரியும். அதை மதிக்கிறேன். ஆனால் அதற்கு ஈடாக உரிமை என்பதை வைத்தால் மேலே சொன்ன பேட்டன்ட் சிக்கலில் போய் விழுவோம். வேறு வேர்ச்சொல் இருந்தால் சொல்லுங்கள், சார்பதிவாளர் அலுவலக வாசலில் உட்கார்ந்து எழுதுகிறவர் தயங்காமல் எழுதக்கூடியதாக இருக்க வேண்டும் என்பது மட்டும்தான் என் நிபந்தனை.

சட்டம் படித்த அம்மா ஒருவர் எழுப்பிய கேள்வி இன்னும் கனமானது. 1882ஆம் ஆண்டு ஈஸ்மென்ட் சட்டப்படி பாத்தியம் என்பது ஒரு நிலத்தின் நலனுக்காக இன்னொரு நிலத்தின் மேல் இருப்பது. என் காட்டுக்குப் போக உங்கள் காட்டில் தடம், அப்படி. ஆனால் அறக்கட்டளைக்குப் பக்கத்தில் நிலமே இல்லையே, அப்புறம் அது எப்படிப் பாத்தியமாகும் என்று கேட்டிருந்தார். நியாயமான கேள்வி. இரண்டு விஷயம் சொல்வேன். அதே சட்டத்தின் 4ஆம் பிரிவு, ஒன்றைச் செய்யும் உரிமையை மட்டுமல்ல, ஒன்று நடக்காமல் தடுக்கும் உரிமையையும் சேர்த்தே சொல்கிறது. காற்று வெளிச்சப் பாத்தியம் நமக்குப் பழக்கமானது, இருபது வருஷம் தடையில்லாமல் அனுபவித்த ஜன்னல் வெளிச்சத்தைப் பக்கத்து வீட்டுக்காரர் கட்டி மறைக்க முடியாது. ஆக, ‘கட்டாதே’ என்று சொல்கிற பாத்தியம் நம்மிடம் உண்டு. பக்கத்து நிலம் வேண்டும் என்ற நிபந்தனையோ அமெரிக்காவிலும் இருந்ததுதான். பழைய பொதுச் சட்டம் இடம் கொடுக்காததால் மாநிலம் மாநிலமாகத் தனிச்சட்டம் போட்டார்கள், 1981இல் அதற்கு ஒரு பொது மாதிரியும் வந்தது. சொல்லை மாற்றவில்லை, ஈஸ்மென்ட் என்றே வைத்துக்கொண்டு அதன் எல்லையை நீட்டினார்கள். இங்கேயும் ஒரு நாள் சட்டம் வந்தால் பாத்தியம் அப்படி நீளும்.

‘காப்பு’ பற்றி எனக்கே ஒரு கவலை உண்டு. மலையாளிப் பழங்குடி ஊர்களில் காப்பு என்றால் முதலில் நினைவுக்கு வருவது காப்புக்காடு, அதாவது நாம் விறகு பொறுக்கவும் மாடு ஓட்டவும் முடியாத இடம். நிலத்தைப் பிடுங்க வருகிறார்கள் என்ற பயம் வரலாம், அந்தப் பயத்துக்குக் காரணமும் இருக்கிறது. ‘பேணல் பாத்தியம்’ என்று சொல்லிப் பார்த்தேன், மென்மையாக இருக்கிறது, ஆனால் யாரும் எழுதமாட்டார்கள். பாத்தியம் என்ற சொல் பக்கத்தில் இருப்பதாலேயே பயம் பாதி குறையும் என்று நினைக்கிறேன், அரசு கையகப்படுத்தும்போது யாரும் பாத்தியம் என்று பேசுவதில்லை. ஆனாலும் ஊர்க்காரர்களோடு பேசிய அனுபவம் உள்ளவர்கள் இதில் கருத்துச் சொல்ல வேண்டும், இந்த இடத்தில் அவர்கள் சொல்தான் கடைசி.

துணைச் சொற்கள்: பத்திரத்தில் எழுதிக்கொடுப்பவர், எழுதிப்பெறுபவர் என்பவை அப்படியே இருக்கட்டும். லேண்ட் டிரஸ்ட்டுக்கு நில அறக்கட்டளை. பில்டிங் என்வலப் என்று ஒன்று வருகிறது, அதாவது முழு நிலத்தில் வீடு, களம், கொட்டகை கட்டிக்கொள்ள மட்டும் அளந்து ஒதுக்கும் பகுதி. அதற்கு ‘கட்டுமான உறை’ என்று ஒருவர் எழுதியிருந்தார், உறையில் யாரும் குடியிருக்க முடியாது. நம் ஊரில் வீடும் அதைச் சேர்ந்த இடமும் வளவுதானே. 40 ஏக்கர் தோட்டத்தில் 1 ஏக்கர் வளவு, மீதி காப்பு. பத்திரத்திலும் அழகாக உட்காரும்.

இன்னும் தீராமல் நிற்பது ‘பெர்பெச்சுவல்’, அதாவது என்றென்றைக்கும் என்பதற்கான சொல். அமெரிக்க வரிச் சலுகைக்கு அது கட்டாயம், முப்பது வருஷத்துக்கு மட்டும் என்று எழுதினால் சலுகை இல்லை. சொனோரன் பாலையின் சாகுவாரோ கள்ளிக்கு முதல் கிளை வரவே ஐம்பது வருஷத்துக்கு மேல் ஆகும், நூற்றைம்பது வருஷம் கூட வாழும். அதைக் காக்க முப்பது வருஷக் குத்தகை எதற்கு ஆகும்? சேர்வராயன் மலைச் சோலைக்கும் இதே கணக்குதான், திருமணிமுத்தாறும் சரபங்காவும் அங்கிருந்துதான் இறங்குகின்றன. ‘நிரந்தர’ என்பது வேலை நிரந்தரம் போல் ஒலிக்கிறது. கல்வெட்டில் ‘சந்திராதித்தவரை’, அதாவது சந்திரனும் சூரியனும் உள்ளவரை என்று நிலக்கொடைகளுக்கு எழுதினார்கள், இன்றைய பத்திரத்தில் அதைப் போட்டால் யாருக்கும் புரியாது. ‘தலைமுறைக் காப்புப் பாத்தியம்’ என்றால் எத்தனை தலைமுறை என்று கேட்பார்கள்.

தருமபுரி, நாமக்கல், கொல்லிமலைப் பக்கம் பழைய பத்திரங்கள் வைத்திருப்பவர்கள், தண்ணீர்ப் பாத்தியத்துக்கு என்றென்றைக்கும் என்ற பொருளில் எந்தச் சொல் போட்டிருக்கிறார்கள் என்று பார்த்து எழுதுங்கள். பெயர், சர்வே எண் எதுவும் வேண்டாம், அந்த ஒரு வரி போதும்.