பழைய வெளிநாட்டுப் படங்கள்: திரையிடலாமா, கோப்பாகப் பகிரலாமா?

மூடுபனி (கோத்தகிரி): நூலகக் கூடத்தில் மாதம் ஒரு ஜப்பானிய, இத்தாலியப் படம் போடத் திட்டம். எல்லாம் 1950களில் வந்தவை, கட்டணமில்லை. வர முடியாதவர்களுக்கு டெலிகிராமில் கோப்பை ஏற்றலாமா?

படச்சுருள் (ஊட்டி): நம் பதிப்புரிமைச் சட்டத்தில் படத்துக்குப் பாதுகாப்பு, வெளியான ஆண்டு முடிந்தபின் 60 வருஷம். 1958 படம் என்றால் 2018 டிசம்பர் 31 வரை. டிவிடி அட்டையில் இருக்கும் வருஷத்தை நம்பாதீர்கள், அது பெரும்பாலும் மறுவெளியீட்டு வருஷம். கதையும் இசையும் தனிக் கணக்கு: ஆசிரியர் இறந்த ஆண்டுக்குப் பின் 60. நாவலைத் தழுவிய படங்கள் இடறுவது இங்கேதான். சப்டைட்டிலும் தனிப் படைப்பு. 2010ல் மொழிபெயர்த்தது இன்னும் உரிமையில்தான் இருக்கிறது.

தேயிலைத்தூள் (குன்னூர்): டெலிகிராம் மலையிறங்கி ஊரெல்லாம் போய்விடும். அதே 1958 படத்துக்கு அமெரிக்காவில் 95 வருஷம், 2053 கடைசி வரை இழுக்கலாம். அங்கிருந்து புகார் வந்தால் சேனல் முடங்கும். இங்கே உரிமை முடியாத படத்தைத் தெரிந்தே பரப்பினால் அதே சட்டத்தின் பிரிவு 63: ஆறு மாதம் முதல் மூன்றாண்டு சிறை, 50,000 முதல் 2 லட்சம் வரை அபராதம். லாபநோக்கமில்லை என்றால் நீதிமன்றம் குறைக்கலாம், அவ்வளவுதான்.

மூடுபனி: பள்ளியில் வைத்துக்கொண்டால்?

படச்சுருள்: பிரிவு 52 விலக்கு தருகிறது. ஆனால் பார்வையாளர்கள் ஆசிரியர், மாணவர், பெற்றோர், பள்ளியோடு தொடர்புள்ளவர் மட்டுமே. ஊரைக் கூப்பிட்டால் விலக்கு போச்சு. அனுமதி கேட்டு உரிமையாளருக்கு எழுதும்போது தேதி, இருக்கை எண்ணிக்கை, கட்டணமில்லை என்ற மூன்றையும் முதல் மெயிலிலேயே சொல்லிவிடுங்கள்.