இதோயிகாவா போகிறோம், அரை நாள் போதுமா?

வணக்கம். அக்டோபர் கடைசியில் டோக்கியோவிலிருந்து ஷின்கான்சென் (புல்லட் ரயில்) பிடித்து நானும் அப்பாவும் ஜப்பான் கடலோர ஊரான இதோயிகாவா போகிறோம். அப்பா ஓய்வு பெற்ற புவியியல் வாத்தியார். ஃபோசா மேக்னா என்பது ஜப்பானின் நடுவே ஓடும் பெரிய நிலப்பள்ளம்; அந்தப் பெயரில் உள்ள பூங்காவில் அதன் மேற்கு விளிம்பான நிலப்பிளவை நேரில் பார்த்தே ஆகணும் என்று ஒற்றைக் காலில் நிற்கிறார். மேற்குப் பக்கம் பல கோடி ஆண்டுப் பழைய பாறை, அதை ஒட்டியே கிழக்கில் சுமார் 1.6 கோடி ஆண்டுப் பாறை. நடுவே நொறுங்கிக் கிடக்கும் பட்டை. படத்தில் பார்த்ததற்கே எனக்கும் ஆசை வந்துவிட்டது.

என் கண் சோஜாகஹாரா மேல்தான். ஏறக்குறைய 5000 ஆண்டுக்கு முன் ஜோமோன் மக்கள் (ஜப்பானின் கற்கால மக்கள்) ஜேட் என்ற கடினமான பச்சை நிற அணிகல்லை இழைத்துப் பாசிமணி செய்த ஊர். இரும்பே இல்லாத காலத்தில் அந்தக் கல்லில் எப்படித்தான் துளை போட்டார்களோ!

காரோடு, ஆங்கிலம் தெரிந்த வழிகாட்டியை யாராவது தனியாக அமர்த்தியிருக்கிறீர்களா? எவ்வளவு ஆச்சு? நாலு மணி நேரத்தில் இந்த இரண்டோடு கோடாகி ஜேட் பள்ளத்தாக்கையும் பார்க்க முடியுமா? அங்கே கல் எடுக்கக் கூடாது, தெரியும். கடற்கரையில் பொறுக்கிக்கொள்கிறோம். முக்கியமாக, அப்பாவுக்கு முட்டி வலி. பூங்காவில் ஏற்ற இறக்கம் எப்படி? போய் வந்தவர்கள் கொஞ்சம் சொல்லுங்களேன்.