ஆரம்பப் பள்ளி முடித்த பெண்பிள்ளைகள் அதற்கப்புறம் ஏன் வருவதில்லை? எதற்குப் பணம் கொடுப்பது?

பொன்னி (கேள்வி)

வணக்கம். நாங்கள் சில நண்பர்கள் சேர்ந்து மாதாமாதம் ஒரு தொகை ஒதுக்கி ஏதாவது ஒரு நல்ல காரியத்துக்குக் கொடுத்து வருகிறோம். இந்த முறை ஏழை நாடுகளில் பெண்பிள்ளைகளின் படிப்புக்குக் கொடுப்பது என்று முடிவாகிவிட்டது. எந்த வேலைக்குக் கொடுப்பது என்பதில்தான் குழுவுக்குள் ஒத்துப்போகவில்லை. ஒருவர், பெற்றோருக்கு விழிப்புணர்வு இல்லை, ஆகவே பிரசாரத்துக்குக் கொடுப்போம் என்கிறார். இன்னொருவர் கழிப்பறை, நாப்கின் என்கிறார். நேரடியாகக் குடும்பத்தின் கையில் பணம் கொடுத்தால் போதும் என்பது மூன்றாமவர் கட்சி.

எனக்கு வேறொரு குழப்பம். யுனெஸ்கோ 2023இல் வெளியிட்ட கணக்குப்படி பள்ளிக்கு வெளியே இருக்கும் பெண்பிள்ளைகள் 12.2 கோடி, பையன்கள் 12.8 கோடி. அப்படியானால் பெண்பிள்ளைகளுக்கென்று தனித் தடை இருக்கிறதா, இல்லை எல்லாமே வறுமைதானா? நான் படித்த திட்ட அறிக்கைகள் எல்லாவற்றிலும் வறுமை, தூரம், குழந்தைத் திருமணம், கழிப்பறை, பாதுகாப்பு என்று ஒரே பட்டியல். இதில் எது எங்கே முக்கியம் என்று யாரும் சொல்வதில்லை. களத்தில் வேலை பார்த்தவர்கள் இருந்தால் சொல்லுங்கள்.

கயல்விழி

பொன்னி, உங்கள் கணக்கு சரிதான். ஆனால் உலகம் முழுவதையும் ஒன்றாகக் கூட்டும்போது பல விஷயங்கள் மறைந்துபோகின்றன. லத்தீன் அமெரிக்காவின் பல நாடுகளில் பையன்கள்தான் முதலில் படிப்பை விடுகிறார்கள். சாட், ஆப்கானிஸ்தான், பாகிஸ்தானின் கிராமப்புறம் என்று போனால் நிலைமை தலைகீழ். வெளியேறும் காரணமும் ஒன்றல்ல. பையன் பெரும்பாலும் கூலி வேலைக்குப் போகிறான். பெண் வீட்டு வேலைக்கும் கல்யாணத்துக்கும் போகிறாள். கூலிக்குப் போனவன் அடுத்த ஆண்டு திரும்பி வந்து உட்கார வாய்ப்பு உண்டு. கல்யாணமான பெண்ணுக்கு அது அநேகமாக இல்லை.

கல்வித் திட்டங்களை மதிப்பீடு செய்கிற வேலையில் பல ஆண்டுகள் இருந்தவள் நான். அதனால் என் கருத்தை நேராகவே சொல்கிறேன். பிரசாரத்துக்குக் கொடுக்காதீர்கள். நான் பேசிய தாய்மார்களில் மகள் படிக்கவே கூடாது என்றவர்கள் அபூர்வம். ஆரம்பப் பள்ளி முடியும்வரை அனுப்பியதே அவர்கள்தான். அவர்களுக்குப் படிப்பின் அருமை தெரியும். பிள்ளைக்குப் பதினொன்று, பன்னிரண்டு வயது ஆகும்போது அவர்கள் போடும் கணக்கு மாறிவிடுகிறது. அதுவரை பள்ளி ஊருக்குள் இருந்தது, இனி பல கிலோமீட்டர் தள்ளி. அதுவரை கட்டணம் இல்லை, இனி உண்டு. அவள் கை வீட்டுக்கு உதவ ஆரம்பித்திருக்கும். வயதுக்கு வந்த பெண்ணைத் தனியாக வழியில் விடப் பயம். அதே நேரத்தில் சம்பந்தம் பேசவும் ஆள் வருவார்கள். இத்தனையும் ஒரே ஆண்டில் வந்து விழுகின்றன. இவற்றில் ஒன்றை மட்டும் எடுத்துவிட்டாலே சில ஊர்களில் கணக்கு மாறிவிடும். எந்த ஒன்று என்பதுதான் ஊருக்கு ஊர் வேறுபடுகிறது.

தூரத்தை எடுத்துக்கொள்ளுங்கள். ஆப்கானிஸ்தானின் கோர் மாகாணத்தில் 2007 வாக்கில் சில கிராமங்களுக்குள்ளேயே சிறு பள்ளிகள் தொடங்கி, பள்ளி இல்லாத கிராமங்களோடு ஒப்பிட்டுப் பார்த்தார்கள். பையன்களின் சேர்க்கை நூற்றுக்கு 35 பேர் என்ற அளவில் கூடியது. பெண்பிள்ளைகளின் சேர்க்கை நூற்றுக்கு 52. இருபாலருக்கும் இடையே இருந்த இடைவெளியே கிட்டத்தட்ட மறைந்துவிட்டது. யாருடைய மனத்தையும் மாற்றப் போய் யாரும் கூட்டம் போடவில்லை. பள்ளி பக்கத்தில் வந்தது, அவ்வளவுதான். பெண் கல்விக்கு எதிரானவர்கள் என்று உலகமே முடிவு கட்டி வைத்திருக்கும் மக்கள் இவர்கள். எனக்கு இந்த ஆய்வின்மேல் தனி மரியாதை உண்டு.

பிகாரில் 2006இல் தொடங்கிய சைக்கிள் திட்டமும் அப்படித்தான். ஒன்பதாம் வகுப்பில் சேரும் பெண்பிள்ளைகளுக்குச் சைக்கிள் வாங்க அரசு பணம் கொடுத்தது. சேர்க்கை சுமார் 30 சதவீதம் கூடியதாக ஆய்வு காட்டியது. அந்தப் பலன் முக்கியமாக உயர்நிலைப் பள்ளி 3 கிலோமீட்டருக்கு அப்பால் இருந்த கிராமங்களில்தான் தெரிந்தது. சைக்கிள் தூரத்தை மட்டும் குறைக்கவில்லை. பெண்பிள்ளைகள் கூட்டமாகச் சேர்ந்து போனதால் வழிப் பயமும் குறைந்தது.

செலவு விஷயத்தில் ஒரு எச்சரிக்கை. மலாவி 1994இலும், உகாண்டா 1997இலும், கென்யா 2003இலும் ஆரம்பக் கல்விக் கட்டணத்தை நீக்கின. பிள்ளைகள் வெள்ளமாக வந்தார்கள். ஆனால் உயர்நிலைப் பள்ளியின் வாசலில் கட்டணம் அப்படியே நின்றது. சீருடை, நோட்டு, தேர்வுக் கட்டணம் என்று ‘இலவச’ கல்விக்கும் செலவு உண்டு. மேற்குக் கென்யாவில் சீருடையை மட்டும் இலவசமாகக் கொடுத்துப் பார்த்தார்கள். அதற்கே இடைநிற்றல் குறைந்தது, பள்ளி வயதுக் கர்ப்பமும் குறைந்தது.

வேலைச் சுமை பலர் கண்ணில் படுவதில்லை. உலகில் சுமார் 180 கோடிப் பேரின் வீட்டு வளாகத்தில் தண்ணீர் கிடையாது. யுனிசெஃபும் உலக சுகாதார நிறுவனமும் சேர்ந்து 2023இல் சொன்னபடி, அப்படிப்பட்ட பத்து வீடுகளில் ஏழில் தண்ணீர் கொண்டுவருவது பெண்கள் பொறுப்பு. தண்ணீர் முடிந்தால் விறகு, விறகு முடிந்தால் கைக்குழந்தை. பள்ளி மணி அடிக்கும் நேரத்தில் அவள் குடத்தோடு வழியில் இருக்கிறாள்.

அப்புறம் கல்யாணம். மாப்பிள்ளை வீட்டார் பெண்ணுக்குப் பரிசம் கொடுக்கும் சமூகமா, பெண் வீட்டார் வரதட்சணை கொடுக்கும் சமூகமா என்று முதலில் கேளுங்கள். மழை பொய்த்து வருமானம் விழும் ஆண்டில், பரிசம் வாங்கும் வழக்கம் பரவலாக உள்ள சகாராவுக்குத் தெற்கே குழந்தைத் திருமணம் கூடுகிறது. வரதட்சணை கொடுக்கும் இந்தியாவில் அதே மாதிரி ஆண்டில் குறைகிறது. பஞ்சம் ஒன்றுதான், பிள்ளையின் தலையெழுத்து நேரெதிர். இது தெரியாமல் ஒரு நாட்டில் வெற்றி பெற்ற திட்டத்தை இன்னொரு நாட்டுக்குத் தூக்கிக்கொண்டு போவதை நிறையப் பார்த்துவிட்டேன்.

இளமாறன்

கயல்விழி சொன்னதில் எனக்குப் பெரும்பாலும் உடன்பாடுதான். ஆனால் பள்ளிக்குள்ளே என்ன நடக்கிறது என்பது விடுபட்டுப் போகிறது. தான்சானியாவில் ஓர் உயர்நிலைப் பள்ளியில் சில ஆண்டுகள் கணிதம் சொல்லிக்கொடுத்தேன். அங்கே ஆரம்பப் பள்ளி முழுக்கச் சுவாஹிலி மொழியில். உயர்நிலைக்கு வந்த முதல் நாளிலிருந்து ஆங்கிலம். நன்றாகப் படித்த பிள்ளைகள்கூட வாயடைத்து உட்கார்ந்திருப்பார்கள். பையன்கள் மாலையில் சேர்ந்து படித்துக் கொஞ்சம் தேறுவார்கள். பெண்பிள்ளைகளுக்கு அந்த மாலை நேரமே கிடையாது. முதல் தேர்வில் தோற்றால், ‘இவளுக்கு எதற்கு வீண் செலவு’ என்று வீட்டில் முடிவாகிவிடும். படிப்பு ஏறாத பள்ளிக்கு யார்தான் கடன் வாங்கி அனுப்புவார்கள்? அந்தப் பெற்றோரை என்னால் குறை சொல்ல முடியாது.

இன்னொன்று. தூரம் அதிகம் என்பதால் பள்ளிக்குப் பக்கத்தில் அறை எடுத்துத் தனியாகத் தங்கிப் படித்த பெண்பிள்ளைகள் எங்கள் பள்ளியில் பலர். பதினான்கு வயதுப் பிள்ளை, துணைக்குப் பெரியவர்கள் யாரும் இல்லை. வாடகைக்கும் சாப்பாட்டுக்கும் உதவுகிறேன் என்று நெருங்கும் ஆண்களுக்கு ஊரில் பஞ்சமே இல்லை. கர்ப்பமானால் பள்ளியிலிருந்து நீக்கம். காரணமானவன் நிம்மதியாக நடமாடுவான். நீக்கப்பட்ட பிள்ளைகளில் என் வகுப்பிலேயே முதலாவதாக வந்தவளும் ஒருத்தி. அவள் நோட்டுப் புத்தகங்களை வாங்கிப் போக அவள் தம்பி வந்தான். எனக்கு அன்று பட்ட கோபம் இன்னும் அடங்கவில்லை. 2021 நவம்பரில்தான் தான்சானியா அரசு, பிரசவத்துக்குப் பின் அவர்கள் பள்ளிக்குத் திரும்பலாம் என்று அறிவித்தது. சியரா லியோனில் இதே மாதிரித் தடை 2020 மார்ச்சில் நீங்கியது. அதற்கு முந்தைய டிசம்பரில் மேற்கு ஆப்பிரிக்க நாடுகளின் கூட்டமைப்பு நீதிமன்றம் அந்தத் தடைக்கு எதிராகத் தீர்ப்புச் சொல்லியிருந்தது.

ஆகவே பொன்னி, பாதுகாப்பான விடுதி ஒன்றை யாராவது நடத்துகிறார்களா என்று தேடிப் பாருங்கள். பெண் காப்பாளர், பூட்டும் கதவு, மாலைப் படிப்புக்கு விளக்கு. பல இடங்களில் சைக்கிளைவிட இது பெரிய உதவி.

தாரிக்

சுருக்கமாக ஒன்று. எல்லாத் தடையையும் பணத்தால் நீக்க முடியாது. ஆப்கானிஸ்தானில் 2021 செப்டம்பரிலிருந்து ஆரம்ப வகுப்புகளுக்கு மேல் பெண்பிள்ளைகளுக்குப் பள்ளி இல்லை. 2022 டிசம்பரில் தாலிபான் அரசு பல்கலைக்கழகத்தையும் பெண்களுக்கு மூடிவிட்டது. கயல்விழி சொன்ன அதே கோர் மாகாணத்துப் பெற்றோர் இன்று அனுப்பத் தயாராக இருந்தாலும் அனுப்ப இடம் கிடையாது. நைஜீரியாவின் சிபோக்கில் 2014இல் ஒரே இரவில் 276 மாணவிகளைக் கடத்திப் போனார்கள். அதைப் பார்த்த பெற்றோரிடம் போய்ப் படிப்பின் பெருமையைப் பேச எனக்கு வாய் வராது. இப்படிப்பட்ட இடங்களில் வானொலிப் பாடம், வீட்டுக்குள் நடக்கும் வகுப்பு, இணையவழிப் படிப்பு இவற்றுக்குக் கொடுக்கலாம். பள்ளிக்கு ஈடாகாதுதான். ஆனாலும் கொடுக்க வேண்டும்.

பொன்னி

மூவருக்கும் நன்றி. குழுவில் படித்துக் காட்டினேன். பிரசாரம் என்றவர் இப்போது அமைதியாகிவிட்டார். இன்னும் இரண்டு கேள்வி. நாப்கினுக்குக் கொடுப்பது வீணா? குடும்பத்துக்குப் பணம் கொடுத்தால், பள்ளிக்கு வந்தால்தான் என்று நிபந்தனை போட வேண்டுமா?

கயல்விழி

நாப்கின் வீண் இல்லை. ஆனால் எதற்காகக் கொடுக்கிறோம் என்று தெளிவாக இருங்கள். நேபாளத்தின் சித்வனில் வருகைப் பதிவைக் கூர்ந்து கணக்கிட்டபோது, மாதவிடாயால் ஒரு மாணவி இழந்தது 180 நாள் கொண்ட கல்வியாண்டில் அரை நாளுக்கும் குறைவு. நாப்கினுக்குப் பதிலாகப் பயன்படும் மாதவிடாய்க் கோப்பை கொடுத்த பிறகும் வருகை கூடவில்லை. எல்லா ஊருக்கும் இது அப்படியே பொருந்தும் என்று சொல்ல மாட்டேன். ஆனாலும் நாப்கின் கொடுத்தால் இடைநிற்றல் நின்றுவிடும் என்று சொல்லும் அறிக்கையை நம்பிவிடாதீர்கள். கென்யா 2017இல் பள்ளி மாணவிகளுக்கு இலவச நாப்கின் என்று சட்டமே போட்டது. கறை பட்ட உடையோடு வகுப்பில் கூனிக்குறுகி உட்காராமல் இருப்பது அந்தப் பிள்ளையின் உரிமை. அதற்கு வருகைக் கணக்கு காட்ட வேண்டியதே இல்லை.

நிபந்தனை விஷயத்தில் விடை கொஞ்சம் சிக்கல். வங்கதேசம் 1994இல் கிராமப்புற மாணவிகளுக்கு உதவித்தொகை தொடங்கியபோது மூன்று நிபந்தனை வைத்தது. 75 சதவீத வருகை, தேர்வில் 45 சதவீத மதிப்பெண், பள்ளி இறுதித் தேர்வுவரை கல்யாணம் ஆகாதிருத்தல். உயர்நிலைப் பள்ளிகளில் பெண்பிள்ளைகள் எண்ணிக்கை பையன்களை எட்டிப் பிடித்தது. பெரிய சாதனைதான். ஆனால் அந்த நாட்டில் இன்றும் சுமார் பாதிப் பெண்களுக்குப் பதினெட்டு வயதுக்குள் கல்யாணம் ஆகிவிடுகிறது. எத்தியோப்பியாவின் அம்ஹாரா பகுதியில் 2004இல் தொடங்கிய ஒரு திட்டத்தில் கல்யாணம் செய்யாமல் வைத்திருந்த குடும்பத்துக்கு இரண்டு ஆண்டு முடிவில் ஒரு செம்மறியாடு. சிறுமிகளின் கல்யாணம் நன்றாகவே குறைந்தது.

மலாவியின் சோம்பா மாவட்டத்தில் இரண்டு விதத்தையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்த்தார்கள். நிபந்தனையோடு பணம் வாங்கியவர்கள் படிப்பில் கூடுதலாகத் தங்கினார்கள். நிபந்தனை இல்லாமல் வாங்கியவர்களிடம், முக்கியமாக இடையில் படிப்பை விட்டுவிட்ட பெண்களிடம், சிறுவயதுக் கல்யாணமும் கர்ப்பமும் குறைந்தன. அதாவது கடுமையான நிபந்தனை, தள்ளாடிக்கொண்டிருக்கும் பிள்ளையைத்தான் முதலில் கைவிடும். அதனால் நிபந்தனை வையுங்கள், ஆனால் லேசாக வையுங்கள். ஒரு மாதம் வராவிட்டால் உடனே பணத்தை நிறுத்தாமல், யாராவது ஒருவர் வீட்டுக்குப் போய் விசாரிக்க ஏற்பாடு இருக்கட்டும்.

கொடுப்பதற்கு முன் அந்த அமைப்பிடம் இதைக் கேளுங்கள். போன ஆண்டு ஆரம்பப் பள்ளி முடித்த பெண்பிள்ளைகள் எத்தனை பேர், இன்று அவர்களில் எத்தனை பேர் வகுப்பில், மற்றவர்கள் எங்கே? உள்ளூரில் உண்மையாக வேலை செய்பவர்களிடம் இதற்குப் பதில் இருக்கும். கழிப்பறை திறப்பு விழாப் படம் மட்டும் அனுப்பினால் வேறு அமைப்பைப் பாருங்கள்.

பணம் போய்ச் சேரும் மாதமும் முக்கியம். கொலம்பியாவின் பொகோட்டாவில் உதவித்தொகையில் ஒரு பகுதியைப் பிடித்து வைத்து, அடுத்த ஆண்டு சேர்க்கை நடக்கும் நேரத்தில் மொத்தமாகக் கொடுத்தார்கள். மாதாமாதம் முழுத்தொகை கொடுத்ததைவிட அடுத்த ஆண்டுச் சேர்க்கை அதில் கூடுதல். சேர்க்கைக் கட்டணமும் சீருடையும் ஒரே வாரத்தில் வந்து நிற்கும்போது குடும்பத்தின் கையில் அந்தப் பணம் இருந்தாக வேண்டும். உங்கள் குழு ஆண்டுக் கடைசியில் பணம் அனுப்பும் வழக்கம் என்றால், அந்த நாட்டில் எந்த மாதம் பள்ளி திறக்கிறது என்று விசாரித்து, அதற்கு இரண்டு மாதம் முன்பே அனுப்பிவிடுங்கள்.