யூடிஆரில் காணாமல் போன 20 சென்ட்: யாரிடம் போவது?

வணக்கம் நண்பர்களே. தாத்தா 1968-இல் கிரயம் வாங்கிய நிலம் 1 ஏக்கர் 20 சென்ட். பத்திரத்தில் நான்கெல்லையும் தெளிவாக இருக்கிறது. ஆனால் யூடிஆருக்குப் (நில ஆவணங்களைப் புதுப்பித்த அரசுத் திட்டம்) பிறகு வந்த பட்டாவில் 0.40.5 ஹெக்டேர், அதாவது ஒரு ஏக்கர்தான். மீதி 20 சென்ட் பக்கத்துக்காரர் உட்பிரிவில் சேர்ந்திருக்கிறது. அவர் நல்ல மனுஷன்தான். வேலியோரப் புளியமரத்தை இன்றும் நாங்கள்தான் உலுக்குகிறோம். ஆனால் நிலத்தை விற்கப் போகிறாராம், அதுதான் பயம்.

தாலுகா ஆபீஸில் மனு கொடுத்தேன். சர்வேயர் வந்து சங்கிலி பிடித்தார், எஃப்எம்பியில் (நிலத்தின் அளவு வரைபடம்) உள்ளபடிதான் கல் நட முடியும் என்று சொல்லிவிட்டுப் போய்விட்டார். எஃப்எம்பியே தப்பு என்றுதானே சார் மனு!

யூடிஆர் பிழைக்குக் கோட்டாட்சியரா, டிஆர்ஓவா (மாவட்ட வருவாய் அலுவலர்)? ஒருவர் நேராக சிவில் கோர்ட் என்கிறார். 1923-ஆம் ஆண்டு சர்வே சட்டம் 14-ஆம் பிரிவில் வழக்குப் போட மூன்று வருடக் கெடு இருக்கிறதே, அது எங்களைத் தடுக்குமா? யூடிஆருக்கு முந்தைய 'அ' பதிவேட்டு (கிராம நில விவரப் பதிவேடு) நகல் எங்கே கிடைக்கும்? கிரயத்தைத் தடுக்க முதலில் என்ன செய்யலாம்? அனுபவப்பட்டவர்கள் சொல்லுங்கள்.