சாம்டோங் காதுல கேட்ட அந்த 'ஙீ' சத்தம்... உங்களுக்கும் உண்டா?

குடியாத்தத்தான்:
ட்ரீம் ஹைங்கற கொரியன் சீரியல் கதையெல்லாம் சொல்லப்போறதில்ல. 2011, 16 எபிசோடு, பார்க்காதவன் இதைப் படிக்கவே மாட்டான். ஹைமிங்கற பொண்ணுக்காக கிரின்ங்கற பாட்டு-டான்ஸ் ஸ்கூல் வரைக்கும் வந்து, பாட்டு கைக்கு வர்ற நேரத்துல சாம்டோங்குக்குக் காது போகுமே, அதை ரெண்டாவது தடவை என்னால பார்க்க முடியல. லைட் மியூசிக்ல ஆறு வருஷம் கீபோர்டு வாசிச்சவன் நான். வைகாசி 1, எங்க ஊர் கெங்கையம்மன் சிரசுத் திருவிழா ராத்திரி. இடது காதுக்கு ரெண்டடில ஸ்பீக்கர் பெட்டி. விடியக்காலைல ஒயர் சுத்தும்போது மைக்செட்டு அண்ணனுக்கு வாய் மட்டும் அசையுது. அன்னிக்கு ஆரம்பிச்ச 'ஙீ' இன்னும் நிக்கல.

வேலூர்ல டெஸ்ட். கண்ணாடி ரூம், ஹெட்போன், கையில ஒரு பட்டன். "சத்தம் கேட்டா அமுக்குங்க"ன்னாங்க. எனக்குத்தான் உள்ளயே கேட்டுக்கினு இருக்கே, எதுக்கு அமுக்கறது? கண்ணாடிக்கு அந்தாண்ட அந்தப் பொண்ணு பேனாவைத் தூக்கிக்கினு என்னையே பார்க்குது. அமுக்கிட்டேன். அது தலையை நிமித்தி, எழுதாம, பேனாவைக் கீழ வெச்சுது. அப்பதான் புரிஞ்சது, அது இன்னும் சத்தமே வைக்கலன்னு.

(ட்ரூப்புல பாடுற பொண்ணு ஒண்ணு இருந்தது. அது வேற கதை.)

சத்துவாச்சாரி அக்கா:
எனக்கு அதுல வர்ற குண்டுப் பொண்ணு பில்சுக். சுஷி வேஷத்துக்குள்ள நின்னு பாடுவாளே. காலேஜ் முடிச்ச வருஷம், ஒரு டிவி பாட்டுப் போட்டி ஆடிஷனுக்கு காட்பாடில முதல் ட்ரெயின் புடிச்சு மெட்ராஸ் போனோம், நானும் அம்மாவும். துப்பட்டா மேல நம்பர் ஸ்டிக்கர். ரெண்டு வரி பாடினேன். "குரல் நல்லாருக்கும்மா, கொஞ்சம் இளைச்சிட்டு அடுத்த வருஷம் வா." வெளிய வந்தா அம்மா புளிசோத்து டப்பாவோட நிக்கறாங்க. "இன்னா சொன்னாங்க?" தொண்டை கட்டியிருக்குன்னாங்கன்னு சொல்லிட்டேன். இன்னி வரைக்கும் நான் எங்கயாவது பாடப்போனா முந்தின ராத்திரி மிளகுப் பால் வந்துடும். எதுக்குன்னு அவங்களும் சொல்றதில்ல, நானும் கேக்கறதில்ல.

பில்சுக்கை நடுவுலயே இளைக்க வெச்சுட்டாங்க பாருங்க, அதை மன்னிக்கவே மாட்டேன். அந்த குண்டு உடம்பே, பில்சுக்கா நடிச்ச பாடகி ஐயூ போட்டிருந்த வேஷந்தான்!

ஜின்குக் கட்சி:
அக்கா, டிவின்னா மூஞ்சியும் பார்ப்பாங்க, ரேடியோவா அது? கோச்சுக்காதீங்க. அப்புறம் சாம்டோங் சாம்டோங்னு அழறீங்களே, ஹைமியை விட்டுக்குடுத்தவன் ஜின்குக், அவனுக்கு ஒருத்தரும் அழல. நான் அழுதேன், ஹாஸ்டல்ல. ரூம்மேட் ஆம்பூர் பிரியாணியோட உள்ள வந்து பார்த்துட்டு, ஊர்ல யாரோ போயிட்டாங்கன்னு நினைச்சு பொட்டலத்தைப் பிரிக்காமயே உக்காந்துட்டான். அவ்ளோதான் என் கதை.

குடியாத்தம் அண்ணனுக்கு மட்டும் கொஞ்சம். 85 டெசிபல்ல 8 மணி நேரம் தாங்கலாம்னு ஒரு கணக்கு. மூணு டெசிபல் ஏற ஏற நேரம் பாதி ஆகும். 100 வந்தா கால் மணி நேரந்தான். நீங்க ராத்திரி முழுக்க நின்னிருக்கீங்க. பஞ்சு வெச்சா பத்தாது, அமுக்கி வைக்கற ஃபோம் அடைப்பான் மெடிக்கல்லயே கிடைக்கும். பூண்டு எண்ணெய் காய்ச்சி ஊத்தாதீங்க, எங்க பெரியம்மா சொல்றாங்கன்னாலும். ராத்திரி அமைதியா இருந்தா 'ஙீ' பெருசா கேக்கும், ஃபேன் ஓடட்டும். திடீர்னு ஒரு காது அடைச்சுதுன்னா அன்னிக்கே டாக்டரைப் பாருங்க, வாரக்கணக்கா விட்டா மருந்து புடிக்காது. கடைசில அந்த 'கே'ங்கற பாடகன் சாம்டோங்தான்னு காட்டி கிராமி அவார்டு குடுத்தாங்கன்னு நம்பி வீட்லயே உக்காந்துடாதீங்க.

சத்துவாச்சாரி அக்கா:
தம்பி, கேட்டாங்களா உன்னை? அண்ணா, அந்தப் பாடுற பொண்ணு இன்னா ஆச்சு, அதைச் சொல்லுங்க.

குடியாத்தத்தான்:
ஃபேன் ஓடிக்கினுதான் இருக்கு தம்பி.

போன ஆடிக் கிருத்திகைக்கு ரத்தினகிரில பார்த்தேன். படியில நல்ல கூட்டம். பக்கத்துல வந்து நின்னு என்னமோ சொல்லிச்சு, கொஞ்சம் நீளமாவே. இடது பக்கம் நின்னுது. நான் "ஆமா"ன்னேன்.